அறுபத்தொன்றுக்கும் அறுபத்து நான்குக்கும் நடுவே

மந்தைவெளி,
3 ஜூன் 2024

ஆனந்த்,

'அன்புள்ள' என்று எழுதிப் பார்த்தேன், கை வரவில்லை. பெயரோடு நிறுத்திக்கொள்கிறேன்.

வாட்ஸ்அப்பில் கேட்கலாமே என்று நினைப்பாய். அங்கே நீ பதில் போட்டுவிட்டு அரை மணி நேரத்தில் அழித்துவிடுவாய். எனக்கு மிஞ்சுவது 'இந்தச் செய்தி நீக்கப்பட்டது' என்ற வரிதான். அதனால் ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபால். போன வாரம் கே.கே. நகரிலிருந்து என் வீட்டு வாசல்வரை வந்தவன்தானே நீ! கேள்வியைக் கேட்டதும் செருப்பைக்கூடக் கழற்றாமல் திரும்பிப் போனாய். இனி எதுவானாலும் தாளில்.

நாளைக்கு இந்தக் கடிதம் மூன்றாம் ஆள் கைக்குப் போனாலும் புரிய வேண்டும். ஆகவே உனக்குத் தெரிந்ததையும் சேர்த்தே எழுதுகிறேன்.

ஹெர்மினா கால்டனாவ் என்ற ஜெர்மன் நாடகாசிரியை எழுதிய 'ஈரக் கோட்டு' நாடகத்தை நாம் இருவரும் எம்.ஏ. படிக்கும்போது, 1995இல், சேர்ந்து படித்தோம். அதில் எர்வின் என்பவன் ஒரு மொட்டைக் கடிதத்தால் நான்கு வருடம் சிறையில் இருந்துவிட்டு, மழையில் நனைந்தபடி வீடு திரும்புகிறான். மூன்றாம் அங்கத்தில் மனைவி லீஸ்பெத்திடம் கேட்கிறான்: 'அந்தக் கடிதத்தை எழுதியது நீயா?' அவள் பதில் சொல்வதில்லை. அவனுடைய ஈரக் கோட்டை வாங்கி அடுப்புக்கு மேல் மாட்டுகிறாள். திரை விழுகிறது.

இந்த மௌனம் குற்றத்தை ஒப்புக்கொள்வது அல்ல, இப்படி ஒரு கேள்வியைக் கேட்டவனுக்கு அவள் தரும் தண்டனை என்பது என் வாசிப்பு. சந்தேகப்பட்டவனுக்குப் பதில் பெறும் தகுதி போய்விட்டது என்று பதினைந்து வருடமாக ஒரு கறுப்பு அட்டை நோட்டில் எழுதி வந்தேன். 2022இல் எனக்குக் கண் ஆபரேஷன் நடந்தபோது, டைப் செய்து தருகிறேன் என்று நீ அந்த நோட்டை வாங்கிப் போனாய். மூன்று வாரம் வைத்திருந்தாய்.

இப்போது ஜெர்மனியில் வரும் ஓர் ஆய்விதழின் இணையப் பக்கத்தில், அடுத்த இதழில் வரப்போகும் உன் கட்டுரையின் சுருக்கத்தைப் பார்த்தேன். தலைப்பு: 'தண்டனையாக மௌனம்.' அதை வைத்துத்தான் அக்டோபரிலிருந்து அங்கே ஒரு வருட ஆய்வு நல்கையும் உனக்குக் கிடைத்திருக்கிறது என்று கேள்விப்பட்டேன். என் பெயர் அடிக்குறிப்பில்கூட இல்லை.

வாசலில் கேட்டதையே திரும்பக் கேட்கிறேன். என் நோட்டிலிருந்து எடுத்தாயா, இல்லையா?

ஜூலை பத்துக்குள் கட்டுரையைத் திரும்பப் பெறு. இல்லாவிட்டால் இதழாசிரியருக்கு நான் எழுதுவேன்.

ஜொவிட்டா


கே.கே. நகர்,
9 ஜூன் 2024

மகா கனம் பொருந்திய ஜொவிட்டா மேடம் அவர்களுக்கு,

உன் கடிதத்தைத் தபால்காரரிடம் வாங்கிக் கையெழுத்துப் போட்டது என் மகள் கீர்த்தி. "அப்பா, கோர்ட் நோட்டீஸா?" என்று கேட்டாள். "இல்லம்மா, ஜொவி ஆன்ட்டி லெட்டர்" என்றேன். "அதுக்கு எதுக்குப்பா சிவப்பு அட்டை?" என்றாள். இனி அட்டை வந்தாலும் நான் கையெழுத்துப் போடுவதாக இல்லை. முப்பது வருடப் பழக்கத்துக்கு ரசீது கேட்கிறவளுக்கு என் கையெழுத்து எதற்கு?

உன் கேள்விக்குப் பதில் வேண்டுமா? உன் கொள்கைப்படி, கேட்டவளுக்கு அந்தத் தகுதி போய்விட்டது. நான் கோட்டை மாட்டிவிட்டுப் போகிறேன்.

ஆனால் ஒன்று. அந்த வாசிப்பு உன்னுடையது என்று பட்டா போட்டுக்கொள்கிறாயே, 95இல் கல்லூரி அரங்கில் நாடகத்தைப் படித்துக் காட்டியபோது எர்வின் யார்? நான். கேள்வியைக் கேட்டுவிட்டு உன் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். நீ பேசாமல் என் கோட்டை வாங்கினாய். கோட்டு ஏது, என் அண்ணன் கடைப் போர்வை! முன் வரிசையில் ஒரு சத்தமில்லை. அந்த மௌனத்தில் பாதி எனக்கும் சொந்தமில்லையா? நீ மட்டும் நின்றிருந்தால் அது மௌனமா? வெறும் வசன மறதி.

நோட்டைப் பற்றி: டைப் செய்ய நேரமே கிடைக்கவில்லை, அப்படியே திருப்பித் தந்தேன். அது உனக்கும் தெரியும்.

என்னிடமும் ஒரு கேள்வி இருக்கிறது. நான் உன்னை மாதிரி அவசரக்காரன் இல்லை, பதினாறு வருடமாக வாய்க்குள்ளேயே வைத்திருக்கிறேன். 2008 அக்டோபரில் நம் கல்லூரி முதல்வருக்கு ஒரு மொட்டைக் கடிதம் வந்தது. ஆனந்தகுமாரின் ஆய்வேட்டை ஒரு வெள்ளைக்காரர் எழுதிக் கொடுத்தார் என்று. நிரந்தர வேலைக்கான பட்டியலில் முதலில் இருந்த என் பெயர் போய், இரண்டாவதாக இருந்த பெயர் மேலே வந்தது. அது யார் பெயர் என்று மூன்றாம் ஆளுக்கும் புரியும்படி நீயே எழுதிக்கொள். நான் தி. நகரில் அண்ணன் கடையில் சேலை விரித்துக்கொண்டிருந்தேன். இப்போது சாயங்காலத்தில் ஜெர்மனிக்குப் போகும் நர்ஸ்களுக்கு 'என் பெயர் இது, எனக்கு இங்கே வலிக்கிறது' என்று சொல்லித் தருகிறேன்.

உன் நோட்டின் முதல் பக்கத்தில் இருக்கும் தேதி 2009 ஜனவரி. பார்த்துக்கொள், அவ்வளவுதான்.

ஐம்பத்திரண்டு வயதில் எனக்கு வந்த ஒரே வாய்ப்பு இந்த ஒரு வருடம். அதையும் கெடுக்கப் பார்க்கிறாய்.

ஆனந்தகுமார்


மந்தைவெளி,
14 ஜூன் 2024

ஆனந்த்,

நோட்டை அப்படியே திருப்பித் தந்தாயாம். முதல் பக்கத் தேதி மட்டும் தெரியுமாம். எங்கப்பன் குதிருக்குள் இல்லை என்ற கதைதான். என் முதல் கடிதத்தில் அந்தத் தேதியை நான் எழுதவில்லை, நகல் வைத்திருக்கிறேன், இப்போதுதான் சரிபார்த்தேன். நோட்டைப் பிரித்திருக்கிறாய். பிரித்தவன் முதல் பக்கத்தோடு நின்றிருப்பான் என்று நம்ப நான் உன் நர்ஸ் மாணவி இல்லை.

அரங்கில் நீ நின்றது உண்மை. நிற்பது வேறு, விளங்கிக்கொள்வது வேறு. அன்று சாயங்காலம் கேன்டீனில், "பாவம், அவ மாட்டிக்கிட்டா, அதான் பேசல" என்று சொன்னவன் நீ. மறந்திருப்பாய்.

பழைய கதைகளை இழுத்துத் திசை திருப்பாதே. 2008க்கும் கால்டனாவுக்கும் என்ன சம்பந்தம்?

புகாருக்கு மூலப் பக்கங்களின் படம் வேண்டும். உனக்கும் எனக்கும் இருப்பது ஒரே ஜெராக்ஸ்தான். நான் எடுத்தது, என்னுடையதிலிருந்து நீ எடுத்தது. புத்தகம் தடிமனாக இருந்ததால் கீழே பக்க எண்கள் எல்லாம் வெட்டுப்பட்டு, நாமே பென்சிலால் எண் போட்டோம். அதைக் கொண்டுபோய் இதழாசிரியரிடம் காட்ட முடியாது. என் பழைய மாணவி மாளவிகா இப்போது ஜெர்மனியில் படிக்கிறாள். அங்கே ஒரு நூலகத்தில் புத்தகம் இருக்கிறதாம். அறுபத்தொன்று, அறுபத்திரண்டாம் பக்கங்களைப் படமெடுத்து அனுப்பச் சொல்லியிருக்கிறேன்.

ஜூலை பத்து. ஞாபகம் இருக்கட்டும்.

ஜொவிட்டா


மந்தைவெளி,
26 ஜூன் 2024

ஆனந்த்,

கட்டுரையை உடனே நிறுத்து. இது மிரட்டல் இல்லை.

மாளவிகா நேற்று போன் செய்தாள். "மேம், நீங்க சொன்ன அறுபத்திரண்டுல கோட்டே இல்ல. அறுபத்திரண்டு, அறுபத்து மூணு முழுக்க அந்தம்மா பேசிட்டே இருக்காங்க. கோட்டு மாட்டுறது அறுபத்து நாலுல மேம்."

முதலில் அவளைத்தான் சந்தேகப்பட்டேன், வேறு பதிப்பைப் பார்த்திருப்பாள் என்று. இந்த நாடகத்துக்கு ஒரே பதிப்புதான். பிறகு நம் ஜெராக்ஸை எடுத்து வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தேன். அறுபத்தொன்று எர்வினின் கேள்வியோடு முடிகிறது. அடுத்த தாள், கோட்டு. நடுவில் இரண்டு பக்கம் இல்லை. நாம் அறுபத்திரண்டு என்று பென்சிலால் போட்டது உண்மையில் அறுபத்து நான்கு.

உனக்கு ஞாபகம் இருக்கும். புத்தகம் நமக்குப் பாடம் எடுத்த அந்த ஜெர்மன் விரிவுரையாளருடையது. மறுநாள் அவருக்கு ஊர் திரும்ப விமானம். வைரவனின் ஜெராக்ஸ் கடையில் நான்தான் வரிசையில் நின்றேன். இன்று போய் வைரவனிடம் சண்டை போட்டேன். அவர் சிரித்தார். "இன்னாம்மா, தொண்ணூத்தஞ்சுல எடுத்த ஜெராக்ஸுக்கு இப்ப வந்து நாயம் கேட்டுக்கினு கீறீங்க? ரெண்டு தாளு ஒட்டிக்கினு பொரண்டுருக்கும். எண்ணிப் பாத்து வாங்குறது ஒங்க வேலை" என்றார். தப்பு சொல்ல முடியவில்லை. விரல் அவருடையது, எண்ணாதது நாம்.

என் பதினைந்து வருட நோட்டும், உன் கட்டுரையும், 95இல் முன் வரிசை மூச்சடங்கி உட்கார்ந்திருந்ததும் அந்த இரண்டு தாள் ஒட்டிக்கொண்டதால் வந்தவை. லீஸ்பெத் பதில் சொல்கிறாள், ஆனந்த். இரண்டு பக்கம் பேசுகிறாள்.

இதழ் அச்சாகி யாராவது ஒரு ஆள் மூலத்தைத் திறந்து பார்த்தால் நீ தீர்ந்தாய். நோட்டை நீ எடுத்தாயா இல்லையா என்பது இருக்கட்டும். என் தப்பை உன் பெயரில் அச்சில் பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

ஜொவிட்டா


கே.கே. நகர்,
1 ஜூலை 2024

ஜொவி,

அடேயப்பா! முதலில் நான் திருடன். திருடன் பயப்படவில்லை என்றதும், திருடிய பொருளே போலி. எங்கள் கடையில்கூட இப்படி ஒரு பேரம் பார்த்ததில்லை.

பத்து நாளில் கெடு முடிகிற நேரத்தில் இருபத்தொன்பது வருடம் காணாமல் போன இரண்டு பக்கம் திடீரென்று கிடைக்கிறதாம். அதில் என்ன இருக்கிறது என்று ஒரு வரிகூட எழுதவில்லை நீ. ஏன்? எழுத்துக்கு எழுத்து மேற்கோள் காட்டுகிறவள், பேசுகிறாள் என்று மட்டும் சொல்லிவிட்டு நின்றுகொண்டாய். அந்தப் பக்கங்களை நீயே தயாரிக்கவில்லை என்று நான் எப்படி நம்புவது? உன் ஜெர்மன் எனக்குத் தெரியும். கால்டனாவ் மாதிரி இரண்டு பக்கம் என்ன, இருபது பக்கம் எழுதுவாய்.

உன் மாணவி, உன் போன், உன் ஜெராக்ஸ், உன் வைரவன். எல்லாச் சாட்சியும் உன் பக்கமே. படத்தை எனக்கு நேரே அனுப்பச் சொல். அதுவரை கட்டுரை அங்கேயேதான் இருக்கும்.

இவ்வளவு தூரம் வந்துவிட்டோம். நானும் கேட்டுவிடுகிறேன். கேட்டால் கோட்டு மாட்டிவிடுவாயோ என்று பயந்து பதினாறு கிறிஸ்மஸுக்கு உன் வீட்டில் வந்து கேக் சாப்பிட்டிருக்கிறேன்.

அந்த மொட்டைக் கடிதத்தில் 'நான்காவது அத்தியாயம்' என்று இருந்தது. முதல்வர் என்னிடம் படித்துக் காட்டினார். நம் ஜெர்மன் விரிவுரையாளர் தன் ஊரிலிருந்து தபாலில் என் நான்காவது அத்தியாயத்தின் மொழியை மட்டும் திருத்தித் தந்தார். அது தெரிந்தவர்கள் உலகத்தில் மூன்றே பேர். அவர், நான், நீ.

எழுதியது நீயா?

ஆனந்த்


மந்தைவெளி,
7 ஜூலை 2024

ஆனந்த்,

மாளவிகா உனக்கு நேரே படங்களை அனுப்பியிருப்பாள். புத்தகத்தின் முகப்பு, நூலக முத்திரை, அறுபதிலிருந்து அறுபத்தைந்து வரை எல்லாப் பக்கமும். விரலைப் பக்கத்தின் மேல் வைத்து எடுக்கச் சொன்னேன். நீ அதையும் சந்தேகப்படுவாய் என்று தெரியும்.

போன கடிதத்தில் உள்ளே என்ன இருக்கிறது என்று நான் எழுதாததற்குக் காரணம் கேட்டாய். லீஸ்பெத்தின் முதல் சொல் 'ஆமாம்.'

"ஆமாம். நான்தான். இதோ இந்த மேசையில், உன் பேனாவால். பயந்துபோய் எழுதினேன் என்று சொல்ல நான்கு வருடமாகத் தயாராகியிருந்தேன். பயத்தில் இல்லை. எனக்குக் கிடைக்க வேண்டியது உனக்குக் கிடைத்துக்கொண்டே இருந்தது." இப்படிப் போகிறது. மன்னிப்புக் கேட்கவே இல்லை. நடந்ததைச் சொல்கிறாள், அவ்வளவுதான்.

என் பதிலும் அதுதான். ஆமாம்.

அப்போது என் கணவர் ரொனால்டின் கம்பெனியை மூடிவிட்டார்கள். மகன் நோயல் ஆறாம் வகுப்பு. இதையெல்லாம் எழுதினால் உனக்கு இரக்கம் வரும் என்று எழுதவில்லை. அவை இல்லாவிட்டாலும் எழுதியிருப்பேன் என்றுதான் இப்போது தோன்றுகிறது. பட்டியலில் நீ முதல், நான் இரண்டாவது. எம்.ஏ.விலும் அப்படித்தான். மந்தைவெளியில் யாராவது பார்த்துவிடுவார்கள் என்று ராஜா அண்ணாமலைபுரத்தில் ஒரு பிரவுசிங் சென்டருக்குப் போய் ஆறு வரி டைப் செய்தேன். அந்த விரிவுரையாளர் மொழியை மட்டும்தான் திருத்தினார் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தேதான் 'எழுதிக் கொடுத்தார்' என்று போட்டேன்.

பாவசங்கீர்த்தனத்தில் சொன்னேன். "என்கிட்ட சொன்னது சரி. சொல்ல வேண்டியவர்கிட்ட போய்ச் சொல்லுங்கம்மா" என்றார் பாதர். அவர் மாற்றலாகிப் போகும்வரை வேறு கோவிலுக்குப் பூசைக்குப் போனேன்.

அந்த 2008 கிறிஸ்மஸுக்கு நீ வந்தாய். நீ கேட்பாய் என்று சமையலறையைவிட்டு வெளியே வராமல் இருந்தேன். நீ கேட்கவில்லை. கீர்த்திக்கு ஒரு துண்டு கேக் கட்டித் தரச் சொன்னாய். அடுத்த வாரம்தான் கறுப்பு நோட்டு வாங்கினேன். முதல் வரி உனக்கே தெரியும்: 'லீஸ்பெத் பதில் சொல்ல வேண்டியதில்லை.' ஆராய்ச்சி என்று நினைத்துத்தான் எழுதினேன், சத்தியமாக. எனக்கு வேண்டிய ஒரு இடத்தை அந்தப் புத்தகத்துக்குள் நானே கட்டிக்கொண்டது போன வாரம்வரை எனக்குத் தெரியாது. இரண்டு தாள் வந்து ஒட்டிக்கொள்ள என்னைவிடத் தோதான ஆள் வைரவனுக்குக் கிடைத்திருக்க மாட்டாள்.

இன்னும் ஒன்று. அறுபத்து மூன்றின் கடைசி வரியைப் பார். அவள் பேசி முடித்தபின் எர்வின் ஒரு வார்த்தை பேசவில்லை. கோட்டைக் கழற்றி அவளிடம் நீட்டுகிறான். அதைத்தான் அறுபத்து நான்கில் அவள் வாங்கி மாட்டுகிறாள். வாங்குகிறாள் என்றால் ஒருவன் கொடுத்திருக்க வேண்டும் என்று நம் இருவருக்கும் தோன்றவே இல்லை. நான் லீஸ்பெத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டேன்.

இதழாசிரியருக்கு நான் எழுதப்போவதில்லை. 2008 பற்றிக் கல்லூரிக்கு எழுதிய கடிதத்தின் நகலை இத்துடன் வைத்திருக்கிறேன். நேற்று நேரில் கொடுத்தேன். எனக்கு ஓய்வுபெற ஐந்து வருடம் இருக்கிறது. அவர்கள் என்ன செய்கிறார்களோ செய்யட்டும்.

ஜொவிட்டா


கே.கே. நகர்,
15 ஜூலை 2024

ஜொவி,

உன் கடிதம் வந்தபோது கீர்த்தி வீட்டில்தான் இருந்தாள். அட்டையில் நான் கையெழுத்துப் போட்டேன்.

நோட்டை முழுக்கப் படித்தேன். டைப் செய்வதற்காக முதல் பக்கத்தைத் திறந்தேன், தேதியையும் முதல் வரியையும் பார்த்தேன், மொட்டைக் கடிதம் எழுதியது நீதான் என்று அந்த நிமிடம் முடிவு கட்டினேன். அதன்பிறகு ஒவ்வொரு பக்கமாகப் போனில் படமெடுத்தேன். ஆமாம், எடுத்தேன். என் வேலையை நீ எடுத்தாய், உன் கருத்தை நான் எடுத்தேன், இதில் என்ன தப்பு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். இரண்டு வருடம் தூக்கம் கெடவில்லை. அதை நினைத்தால்தான் இப்போது கெடுகிறது.

கட்டுரையைத் திரும்பப் பெற்றுவிட்டேன். மூன்று வரி மின்னஞ்சல். நல்கைக்காரர்களுக்கும் எழுதினேன். கட்டுரை இல்லாமல் நல்கை இல்லை என்று மரியாதையாகப் பதில் வந்தது. நர்ஸ் வகுப்பு அக்டோபரில் புது பேட்ச் தொடங்கும்.

மாளவிகாவின் படங்களை நூறு முறை பார்த்திருப்பேன். பக்கத்தின் மேல் அந்தப் பெண்ணின் விரல். நான் சந்தேகப்படுவேன் என்று முன்கூட்டியே தெரிந்து வைத்திருக்கிறாயே, அதில் எனக்குக் கோபமும் வந்தது, சிரிப்பும் வந்தது.

கோபம் போகவில்லை. அதை நீ தெரிந்துகொள்ள வேண்டும். பதினாறு வருடம், ஜொவி. சேலை மடித்த கை இது. உன் கல்லூரிக் கடிதத்தைப் படித்து நான் அழுதேன், ஆனாலும் கோபம் போகவில்லை. எர்வின் நான்கு வருடம் சிறையில் இருந்துவிட்டு வந்து, இரண்டு பக்கம் கேட்டதும் கோட்டைக் கழற்றிக் கொடுத்துவிடுகிறான். எப்படி முடிந்தது அவனால்? கால்டனாவ் அதற்கு ஒரு வார்த்தைகூட எழுதி வைக்கவில்லை. இந்த நாடகத்தில் உண்மையான மௌனம் அவனுடையதுதான். யாராவது கட்டுரை எழுதினால் அதைப் பற்றி எழுத வேண்டும். இது நான் கண்டுபிடித்தது. நீ எடுத்துக்கொள்ளலாம்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து நீ வீட்டுக்கு வந்துவிடுவாய். பத்து மணிக்கு வாசலில் வந்து நிற்பேன். செருப்பைக் கழற்றுவேனா என்று எனக்கே இன்னும் தெரியவில்லை. காபி போட்டு வைக்காதே. கழற்றினால் போடு.

ஆனந்த்